அரசுப் பணி துறந்த கலைஞர்: தாதாசாகேப் பால்கே

அரைக்காசு ஊதியமாயினும் அரசாங்க ஊதியமே மேல் என்னும் எண்ணம் இந்திய நடுத்தரக் குடும்பங்களில் நெடுங்காலமாக வேரூன்றிய ஒன்று. ஆங்கிலேயர் ஆட்சியில் அந்த எண்ணம் இன்னும் வலுவாக இருந்தது. மாதம் பிறந்தால் தவறாது வரும் சம்பளம், ஊரில் கிடைக்கும் மதிப்பு, முதுமைக்குப் பாதுகாப்பு ஆகியவற்றை ஒருங்கே தந்தது அப்பணி. அதனைத் தாமே விரும்பி உதறிவிட்டு, இந்நாட்டில் அதுவரை எவரும் முழுமையாகக் கண்டிராத ஒரு கலையைத் தேடிச் சென்றவர் துண்டிராஜ் கோவிந்த பால்கே. பின்னாளில் தாதாசாகேப் பால்கே என்று நாடே அன்புடன் அழைத்த அப்பெருமகனாரின் வாழ்வு, கலையின் வெற்றியைச் சொல்லும் அளவுக்கு அவ்வெற்றிக்குக் கொடுக்கப்பட்ட விலையையும் சொல்லுகிறது.

கோயிலூரில் பிறந்தவர்

மராட்டிய மாநிலத்தில் நாசிக் நகருக்கு அருகில் உள்ளது திரியம்பகேசுவரம். பன்னிரு சோதிலிங்கத் தலங்களுள் ஒன்றாகவும் கோதாவரி ஆற்றின் பிறப்பிடமாகவும் போற்றப்படும் ஊர் அது. சங்கரன்கோவிலைப் போலவே, திருக்கோயிலை நடுவாகக் கொண்டு திருவிழாக்களால் வாழும் ஊர். அவ்வூரில் 30.4.1870 அன்று வடமொழிப் புலமைமிக்க குடும்பமொன்றில் பால்கே பிறந்தார். புராணக் கதைகளும் கதாகாலட்சேபங்களும் சுவாமி புறப்பாடுகளும் அவருடைய இளமையைச் சூழ்ந்திருந்தன. பிற்காலத்தில் அவர் திரையில் காட்டிய தெய்வங்கள் எல்லாம் அவ்வூர்த் தெருக்களில் அவருக்கு முன்பே அறிமுகமானவை என்று கருதலாம்.

தந்தையார் பம்பாய் வில்சன் கல்லூரியில் வடமொழி கற்பிக்கும் பொறுப்பேற்றபோது குடும்பம் அந்நகருக்குக் குடிபெயர்ந்தது. 1885இல் பால்கே, பம்பாயில் புகழ்பெற்ற ஜே.ஜே. கலைப்பள்ளியில் சேர்ந்து ஓவியம் பயின்றார். தந்தையின் ஏடுகளைக் காக்க வேண்டிய மகன் வண்ணக் குழம்பையும் தூரிகையையும் கையிலெடுத்தார். பின்னர் பரோடாவுக்குச் சென்று, மன்னர் சயாஜிராவின் ஆதரவில் நடந்த கலாபவனத்தில் ஓவியம், கட்டடக் கலை, உருவ வார்ப்பு ஆகியவற்றைக் கற்றார். 1890ஆம் ஆண்டளவில் ஒளிப்படக் கருவி ஒன்றை வாங்கி, படம் எடுத்தல், கழுவுதல், அச்சிடுதல் ஆகிய மூன்றையும் தாமே செய்து பழகினார். அவருடைய ஆர்வத்தைக் கண்ட கலாபவனத் தலைவர் கஜ்ஜர், மூவண்ண அச்சுக்கட்டை செய்யும் முறையைக் கற்றுவர அவரை இரத்லாமுக்கு அனுப்பிவைத்தார்.

இக்கல்வி ஒவ்வொன்றும் தனித்தனியே நோக்கும்போது ஒரு பிழைப்புக்கான வழியாகவே தோன்றும். ஆயினும் அவை அனைத்தும் ஒரு மனிதரிடம் சேர்ந்தமையே பின்னாளில் பயன்பட்டது. காட்சியை வரைய ஓவியம், அரங்கை அமைக்கக் கட்டடக் கலை, ஒளியைப் பிடிக்க ஒளிப்படம், சுருளைக் கழுவ இருட்டறை வேதியியல் என்று திரைப்படத்துக்கு வேண்டிய அறிவெல்லாம் திரைப்படம் என்ற சொல்லே பிறவாத நாளில் அவரிடம் குவிந்துகொண்டிருந்தது.

துயரும் தேடலும்

1895ஆம் ஆண்டளவில் குஜராத்திலுள்ள கோத்ராவில் பால்கே ஒளிப்பட நிலையம் தொடங்கினார். படம் பிடிக்கும் பெட்டி மனிதரின் உயிராற்றலை உறிஞ்சிவிடும் என்ற அச்சம் மக்களிடையே பரவியிருந்த காலம் அது. தொழில் தள்ளாடியது. அதனினும் கொடிய இடியாக, அக்காலத்துக் கொள்ளைநோயில் மனைவியையும் குழந்தையையும் அவர் பறிகொடுத்தார். கோத்ராவை விட்டு மீண்டும் பரோடாவுக்கு வந்தார். நாடகக் குழுக்களுக்குத் திரைச்சீலைகள் தீட்டினார். வெளிநாட்டிலிருந்து வந்த மாயவித்தைக்காரர் ஒருவரிடம் வித்தை கற்றுத் தம் பெயரின் எழுத்துகளைத் திருப்பிப் போட்டுப் பேராசிரியர் கேல்பா என்ற பெயரில் மேடையேறினார். கண்ணை ஏமாற்றும் அக்கலையும் பின்னாளில் வீண்போகவில்லை. கடவுளர் தோன்றி மறையும் காட்சிகளையும் அனுமன் வானில் பறக்கும் காட்சியையும் அமைத்த கை, இந்த வித்தைக்காரரின் கையேயாகும்.

1902இல் அவர் மறுமணம் செய்துகொண்டார். புகழ்பெற்ற கிர்லோஸ்கர் நாடகக் குழுவோடு உறவுடைய குடும்பத்தில் பிறந்த அவ்வம்மையாருக்குத் திருமணத்தின்பின் சரஸ்வதி என்று பெயர் வழங்கியது. பால்கேயின் வரலாற்றில் இனிவரும் ஒவ்வொரு பக்கத்திலும் அவர் இருக்கிறார். ஆயினும் விளம்பரங்களில் அவர் பெயர் இல்லை.

அரசுப் பணியும் சுதேசியமும்

1903இல் இந்தியத் தொல்பொருள் ஆய்வுத்துறையில் ஒளிப்படக் கலைஞராகவும் வரைவாளராகவும் பால்கே பணியில் அமர்ந்தார். பழம்பெருமைமிக்க கட்டடங்களையும் சிற்பங்களையும் படம்பிடிப்பதும் வரைவதும் அவர் கற்ற கலைகளுக்கு ஏற்ற பணியாகும். இழப்புகளுக்குப் பின் குடும்பத்துக்குக் கிடைத்த நிலையான வருவாயும் அதுவே.

1905இல் வங்கம் பிரிக்கப்பட்டது. அந்நியப் பொருளைப் புறக்கணித்து உள்நாட்டுத் தொழிலை வளர்க்க வேண்டும் என்ற சுதேசி முழக்கம் நாடெங்கும் எழுந்தது. நெல்லைச் சீமையில் வ.உ.சிதம்பரனார் 1906இல் தூத்துக்குடியில் சுதேசிக் கப்பல் நிறுவனத்தைப் பதிவு செய்ததும் அந்த அலையின் எழுச்சியே. அதே ஆண்டையொட்டி மராட்டியத்தில் பால்கே தம் அரசுப் பணியைத் துறந்தார். வழக்கறிஞர் கப்பல் விட்டார். வரைவாளர் அச்சகம் தொடங்கினார். இருவரும் ஒருவரையொருவர் அறிந்தவர்கள் அல்லர். ஆயினும் ஆட்சியாளரின் துறையைச் சார்ந்திராமல் நம்மவர் தொழிலை நம்மவரே நடத்த வேண்டும் என்ற ஒரே எண்ணம் இருவரையும் இயக்கியது.

லோனாவலாவில் தொடங்கிய அவ்வச்சகம், ஓவியர் இரவிவர்மாவின் பெயரால் நடந்த அச்சகத்துக்குக் கல்லச்சு வேலைகளைச் செய்து கொடுத்தது. தமிழ்நாட்டு இல்லங்களின் பூசையறைகளிலும் மாட்டப்பெற்ற இலக்குமி, சரஸ்வதி படங்களின் மரபு அது. தெய்வ உருவத்தை அரண்மனைச் சுவரிலிருந்து எளியோர் வீட்டுச் சுவருக்குக் கொண்டுவந்த அந்த அச்சுப் புரட்சியைப் பால்கே அருகிருந்து கண்டார். அசையாத தெய்வம் அச்சில் வீடு தேடி வருமானால், அசையும் தெய்வம் ஊர் தேடி வராதா என்னும் வினாவுக்கு விதை இங்கேயே விழுந்திருக்க வேண்டும்.

பின்னர் அச்சகம் பம்பாய்க்கு இடம்பெயர்ந்து இலக்குமி கலை அச்சகமாக வளர்ந்தது. வண்ண அச்சு எந்திரங்கள் வாங்க 1909இல் பால்கே ஜெர்மனி சென்று வந்தார். பெயர் பெற்ற நிலையில் பங்குதாரரோடு கருத்து வேறுபாடு எழுந்தது. அரசுப் பணியைத் துறந்தது போலவே, தாம் வளர்த்த அச்சகத்தையும் வெறுங்கையோடு விட்டு வெளியேறினார். அப்போது அவருக்கு வயது நாற்பதைத் தாண்டியிருந்தது.

இருட்டில் கிடைத்த வெளிச்சம்

1911ஆம் ஆண்டையொட்டிப் பம்பாய்க் கிர்காமில் இருந்த அமெரிக்கா இந்தியா பிக்சர் பேலஸ் என்னும் கொட்டகையில் கிறித்துவின் வாழ்வைக் கூறும் மௌனப்படத்தைப் பால்கே கண்டார். மறுமுறை சரஸ்வதி அம்மையாரையும் அழைத்துச் சென்றார். திரையில் ஏசுநாதர் அசைய, அவர் அகக்கண்ணில் கண்ணனும் இராமனும் அசைந்தனர். இந்திய மக்கள் தங்கள் கதைகளை இவ்வாறு திரையில் காணும் நாள் வருமா என்ற ஏக்கம் அவரைப் பற்றிக்கொண்டது. பின்னாளில் நவயுக் என்ற மராத்தி இதழில் 1917-18இல் தாம் எழுதிய கட்டுரைகளில் இவ்வனுபவத்தை அவரே விரிவாகப் பதிவு செய்துள்ளார்.

இதே கிறித்துவின் வாழ்வுதான் தமிழகத்திலும் ஒருவரின் வாழ்வை மாற்றியது என்பது எண்ணத்தக்கது. திருச்சிராப்பள்ளியில் இரயில்வேயில் வரைவாளராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், 1905இல் பிரெஞ்சுக்காரர் ஒருவரிடமிருந்து படம் காட்டும் கருவியையும் சுருள்களையும் விலைக்கு வாங்கி, வேலையை விட்டு ஊர் ஊராகக் கூடாரமடித்துப் படம் காட்டினார். இருவரும் வரைவாளர்கள், இருவரும் நிலையான சம்பளத்தைத் துறந்தவர்கள். வின்சென்ட் பிறர் எடுத்த படத்தை மக்களிடம் கொண்டு சென்றார். பால்கே படத்தையே எடுக்க முனைந்தார்.

அந்நாள் முதல் பால்கே கிடைத்த படங்களையெல்லாம் பார்த்தார். நாள்தோறும் மணிக்கணக்கில் திரையையும் சுருளையும் நோக்கி, உறக்கத்தைச் சுருக்கிக்கொண்டதால் கண்பார்வை மங்கிச் சிறிது காலம் இல்லாமலே போயிற்று. மருத்துவத்தால் பார்வை மீண்டதும் அதே வேலையில் மீண்டும் இறங்கினார். ஆயுள் காப்பீட்டுப் பத்திரத்தை அடகு வைத்துப் பொருள் திரட்டி, 1912 பிப்ரவரியில் இலண்டனுக்குக் கப்பலேறினார். அங்கே பயாஸ்கோப் என்னும் திரைப்பட வார இதழின் ஆசிரியரைக் கண்டு வழிகேட்டார். செசில் ஹெப்வொர்த்தின் படப்பிடிப்பு நிலையத்தில் தொழில்முறையைப் பார்த்தறிந்தார். வில்லியம்சன் படப்பிடிப்புக் கருவி, சுருளுக்குத் துளையிடும் எந்திரம், கச்சாச் சுருள் ஆகியவற்றுடன் ஏப்ரல் மாதத்தில் நாடு திரும்பினார்.

கையில் கருவி இருந்தது, முதல் இல்லை. பொருளுதவி செய்வோருக்கு நம்பிக்கையூட்ட ஒரு தொட்டியில் பட்டாணி விதையை நட்டு, நாள்தோறும் அதன் வளர்ச்சியைச் சிறிது சிறிதாகப் படம்பிடித்தார். ஒரு மாதத்துக்கும் மேலாக வளர்ந்த செடி, திரையில் சில நொடிகளில் முளைத்துப் படர்ந்தது. அதைக் கண்டவர்கள் கடன் கொடுக்க முன்வந்தனர். அதுவும் போதாதபோது சரஸ்வதி அம்மையாரின் நகைகள் விலைபோயின.

வீடே படப்பிடிப்பு நிலையம்

பம்பாய்த் தாதரில் பால்கே குடியிருந்த இல்லமே இந்தியத் திரையுலகின் முதல் பெரும் படப்பிடிப்பு நிலையமாயிற்று. அரிச்சந்திரன் கதையை அவர் தேர்ந்தெடுத்தார். வாய்மைக்காக நாட்டையும் மனைவியையும் மகனையும் இழந்த மன்னனின் கதை அது. கொண்ட கொள்கைக்காகக் குடும்பத்தையே பணயம் வைத்த ஒருவர் அக்கதையைத் தேர்ந்தமை தற்செயலானதாகத் தோன்றவில்லை.

நடிக்க வருவோரைச் சமூகம் இழிவாகக் கருதியது. ஆகவே, அரிச்சந்திரா என்பவரின் தொழிற்சாலையில் வேலை பார்ப்பதாக வெளியே சொல்லிக்கொள்ளும்படி பால்கே தம் நடிகர்களுக்கு அறிவுறுத்தினாராம். தபகே என்பவர் அரிச்சந்திரனாக நடித்தார். பால்கேயின் மகன் பாலசந்திரன் லோகிதாசன் ஆனார். சந்திரமதியாக நடிக்க எங்குத் தேடியும் ஒரு பெண்ணும் கிடைக்கவில்லை. கணிகையர் கூட மறுத்துவிட்டனர். இறுதியில் உணவு விடுதியொன்றில் பணிபுரிந்த சாளுங்கே என்ற மெல்லிய கையுடைய இளைஞர் அரசியின் வேடம் பூண்டார்.

கதை, காட்சியமைப்பு, அரங்கம், ஒப்பனை, ஒளிப்பதிவு, தொகுப்பு அனைத்தையும் பால்கேயே பார்த்தார் என்று நூல்கள் கூறும். அதனோடு சேர்த்துச் சொல்ல வேண்டியது சரஸ்வதி அம்மையாரின் உழைப்பாகும். படக்குழுவினர் அறுபதுக்கும் மேற்பட்டோருக்கு நாள்தோறும் சமைத்தவர் அவர். பகலில் வெயிலைத் திருப்பி நடிகர் முகத்தில் வீழ்த்த வெள்ளைத் துணியைப் பிடித்து நின்றவர் அவர். அக்காலத்தில் கச்சாச் சுருளின் ஓரங்களில் துளை இருக்காது. துளையின்றேல் கருவியின் பற்களில் சுருள் ஓடாது. வெளிச்சம் பட்டாலோ சுருள் கெட்டுவிடும். பிள்ளைகள் உறங்கிய பின், இருட்டில் விரல் தடவி அச்சுருளுக்குத் துளையிட்டதும் வேதிப்பொருள்களைக் கலந்து படம் கழுவியதும் அவர் கைகளே. இந்தியாவின் முதல் திரைப்படத் தொழில்நுட்பக் கலைஞர்களுள் ஒருவர் ஒரு குடும்பப் பெண்மணி என்பதை வரலாறு நெடுநாள் உரக்கச் சொல்லவில்லை.

ஏறத்தாழ ஏழு மாதங்களில், 3,700 அடி நீளத்தில், நான்கு சுருள்களாகப் படம் முடிந்தது. 21.4.1913 அன்று பம்பாய் ஒலிம்பியாவில் அழைக்கப்பட்டோருக்குக் காட்டப்பெற்ற ராஜா ஹரிச்சந்திரா, 3.5.1913 அன்று கிர்காம் காரனேஷன் கொட்டகையில் பொதுமக்களுக்குத் திறந்துவைக்கப்பட்டது. அதற்கு ஓராண்டுக்கு முன்பே தோர்ணே முதலியோரின் முயற்சியில் புண்டலிக் என்னும் படம் திரையிடப்பட்டதுண்டு. ஆனால் அது மேடை நாடகமொன்றை அப்படியே படம்பிடித்தது, ஒளிப்பதிவாளரும் அயல்நாட்டவர். ஆதலின் முதல் முழுநீள இந்தியக் கதைப்படம் என்னும் சிறப்பைப் பெரும்பாலோர் பால்கேயின் படத்துக்கே வழங்குகின்றனர்.

திரைக்கு வந்த பெண்கள்

பால்கே தம் தொழிலை நாசிக்குக்கு மாற்றினார். 1913இன் இறுதியில் வெளிவந்த மோகினி பஸ்மாசுர் என்னும் படத்தில் துர்காபாய் காமத் பார்வதியாகவும் அவர் மகள் கமலாபாய் மோகினியாகவும் நடித்தனர். சிவனைக் காக்கத் திருமால் பெண்வடிவு கொண்ட கதையிலேயே பெண்கள் முதன்முதலாக இந்தியத் திரையில் பெண்வேடம் ஏற்றனர். கணவரைப் பிரிந்து மகளைத் தனியே வளர்த்த துர்காபாய், பழிச்சொல்லுக்கு அஞ்சாது எடுத்துவைத்த அடி அது. பால்கே திறந்து வைத்த கதவின் வழியே நுழையும் துணிவு அப்பெண்களுடையது. பின்னர் 1919இல் வெளிவந்த காளிய மர்த்தன் படத்தில் பால்கேயின் மகள் மந்தாகினி சிறுவன் கண்ணனாக நடித்துப் பார்த்தோரைக் கவர்ந்தாள்.

வெற்றியும் வெளியேற்றமும்

1914இல் தம் படங்களுடன் பால்கே மீண்டும் இலண்டன் சென்றார். அங்கேயே தங்கிப் படமெடுக்க நல்ல ஊதியத்தோடு அழைப்பு வந்தது. தாம் இல்லையேல் தாய்நாட்டில் இத்தொழில் முளையிலேயே கருகும் என்று கருதி மறுத்துவிட்டார். அவ்வாண்டே உலகப்போர் மூண்டது. கச்சாச் சுருள் அரிதாயிற்று. கடன் கொடுத்தோர் கைவிட்டனர். ஆயினும் 1917இல் அவர் எடுத்த இலங்கா தகன் எல்லா இழப்புகளையும் ஈடு செய்தது. அப்படத்தில் இராமனாகவும் சீதையாகவும் சாளுங்கே ஒருவரே நடித்தார். சென்னையில் அப்படத்துக்கு வசூலான காசுகளை மாட்டுவண்டியில் ஏற்றிக் காவலர் துணையுடன் கொண்டுசென்றதாகச் சொல்லப்படும். திரையில் இராமன் தோன்றியதும் மக்கள் எழுந்து வணங்கினர். அதே பத்தாண்டின் இறுதியில்தான் சென்னையில் இரா. நடராச முதலியார் கீசகவதம் என்ற மௌனப்படத்தை எடுத்துத் தமிழகத் திரைத்தொழிலுக்குக் கால்கோளிட்டார்.

வெற்றி செல்வரை அழைத்து வந்தது. 1918இல் பம்பாய் வணிகர் சிலருடன் சேர்ந்து இந்துஸ்தான் படநிறுவனத்தைப் பால்கே தொடங்கினார். கலைஞர் படத்தின் நேர்த்தியைப் பார்த்தார். பங்குதாரர் செலவுக் கணக்கைப் பார்த்தனர். மனமுறிவு கொண்ட பால்கே தாம் தோற்றுவித்த தொழிலிலிருந்தே விலகிக் காசிக்குச் சென்றார். அரசுப் பணி, அச்சகம், படநிறுவனம் என்று மூன்று முறை அவர் எழுந்து வெளியேறியுள்ளார். அவரது பிடிவாதத்தைக் குறையென்பாரும் உளர். பிறரோடு இணங்கிப் போகும் இயல்பு அவரிடம் குறைவே. அதன் சுமை குடும்பத்தின் மீதே விழுந்தது. இதனை மறைத்து அவரைப் போற்ற வேண்டியதில்லை.

காசியில் அவர் ரங்கபூமி என்னும் மராத்தி நாடகத்தை எழுதினார். நாடக உலகின் நிலையை எள்ளி நகையாடிய அப்படைப்பு 1922இல் பம்பாயில் மேடையேறியும் வரவேற்புப் பெறவில்லை. மீண்டும் படநிறுவனத்துக்கே திரும்பினார். 1927-28இல் சென்னை வழக்கறிஞர் டி. இரங்காச்சாரியார் தலைமையில் அமைந்த இந்தியத் திரைப்படக் குழுவின் முன் சான்றளித்து, இத்தொழிலுக்கு முறையான பயிற்சி வேண்டும் என்பதை வலியுறுத்தினார். ஆனால் காலம் மாறிக்கொண்டிருந்தது. 1931இல் இந்தியத் திரை பேசத் தொடங்கியது. பால்கே மௌனப்படமாக எடுத்த சேதுபந்தனுக்குப் பின்னர் ஒலி சேர்க்க வேண்டியதாயிற்று. கோலாப்பூரில் அவர் எடுத்த ஒரே பேசும்படம் கங்காவதரண் 1937இல் வெளியாயிற்று. கோதாவரிக் கரையில் பிறந்தவரின் கடைசிப் படம் கங்கை மண்ணுக்கு இறங்கிய கதையாக அமைந்தது.

கடைசி விண்ணப்பம்

பத்தொன்பது ஆண்டுகளில் ஏறத்தாழ 95 படங்களையும் இருபதுக்கு மேற்பட்ட குறும்படங்களையும் தந்தவர் நாசிக்கில் வறுமையில் வாழ்ந்தார். 1930களின் இறுதியில் இந்தியத் திரைப்பட வெள்ளிவிழா கொண்டாடப்பட்டபோது, இயக்குநர் சாந்தாராம் முதலியோரின் முயற்சியால் சிறிது பொருள் திரட்டித் தரப்பட்டது. அதைக் கொண்டு குடியிருக்க ஒரு வீடு அமைந்தது.

எழுபதைக் கடந்த பின்னும் இன்னொரு படம் எடுக்கும் ஆசை அவரை விடவில்லை. இரண்டாம் உலகப்போரின்போது கச்சாச் சுருள் தட்டுப்பாட்டால் படமெடுக்க அரசின் உரிமம் வேண்டியிருந்தது. பால்கே விண்ணப்பித்தார். 1944 பிப்ரவரியில் மறுப்பு வந்தது. அடுத்த சில நாள்களில், 16.2.1944 அன்று அவர் மறைந்தார். இளமையில் எந்த அரசின் பணியைத் தாமே மறுத்து வெளிவந்தாரோ, அந்த அரசே முதுமையில் அவருடைய கலையை மறுத்தது. அவர் தோற்றுவித்த தொழிலில் அவருக்கே இடமில்லை என்று ஓர் அலுவலகத் தாள் சொல்லியது. அத்தாளில் கையெழுத்திட்டவர் யாரென்று இன்று எவரும் நினைப்பதில்லை.

எஞ்சியவை

விடுதலை பெற்ற இந்தியா 1969இல் அவர் பெயரால் திரைத்துறையின் உயரிய விருதை நிறுவியது. முதல் விருதை நடிகை தேவிகாராணி பெற்றார். 1996ஆம் ஆண்டுக்கான விருது நடிகர் திலகம் சிவாஜி கணேசனுக்கும், 2010ஆம் ஆண்டுக்கான விருது இயக்குநர் கே. பாலசந்தருக்கும் வழங்கப்பெற்றது. பாலசந்தரும் சென்னைக் கணக்காயர் அலுவலகத்தில் அரசுப் பணி புரிந்து பின்னர் அதை விட்டுக் கலைக்கு வந்தவர் என்பது பொருத்தமான தொடர்ச்சியாகும்.

பால்கேயின் படங்களில் பெரும்பாலானவை அழிந்தன. ராஜா ஹரிச்சந்திராவின் நான்கு சுருள்களில் முதலும் இறுதியுமே புனே ஆவணக் காப்பகத்தில் உள்ளன. அவையும் 1917இல் அவரே மீண்டும் எடுத்த வடிவத்தைச் சேர்ந்தவை என்று ஆய்வாளர் சிலர் கருதுகின்றனர். காளிய மர்த்தனின் பெரும்பகுதி தப்பியுள்ளது. அதில் மந்தாகினி என்னும் சிறுமி கண்ணனாகிக் காளியன் தலைமீது இன்றும் ஆடுகிறாள்.

பணியின் இடைவேளைகளில் கவிதை எழுதுவோரும், ஓய்வு பெற்ற பின் எழுதலாம் என்று தள்ளிப்போடுவோரும் இலக்கிய வட்டங்களில் மிகுதி. எல்லோரும் பால்கேயைப் போல் வேலையைத் துறக்க வேண்டும் என்று அவர் வாழ்வு கூறவில்லை. துறந்தவருக்கு நேர்ந்த துன்பத்தையும், அத்துன்பத்தில் பாதியைச் சொல்லாமல் சுமந்த ஒரு பெண்மணியின் உழைப்பையும் அது ஒளிவின்றிக் காட்டுகிறது. கலைக்கு ஒரு விலை உண்டு. அதைக் கொடுப்பவர் எப்போதும் கலைஞர் ஒருவர் மட்டுமல்லர். பால்கேயின் பெயரால் விருது வழங்கப்படும் ஒவ்வோர் ஆண்டும், இருட்டில் சுருளுக்குத் துளையிட்ட சரஸ்வதி அம்மையாரின் விரல்களும் நினைக்கப்பட வேண்டும்.